நடிக்க வந்து தங்கிவிட்ட துரைக்கு

நேற்று இங்கே மைசூர் ஹெப்பாளில் மகளைப் பார்த்துவிட்டு பஸ்ஸில் வந்துகொண்டிருந்தேன். பக்கத்துச் சீட்டில் ஒரு பெண், கழுத்தில் கம்பெனி அட்டை, நல்ல ஜலதோஷம். பையைத் திறந்து நீலகிரித் தைலத்தை எடுத்துக் கைக்குட்டையில் விட்டு முகர்ந்தாள். பஸ் முழுக்க அந்த வாசனை பரவியது. மற்றவர்களுக்குக் காய்ச்சலோ தலைவலியோ ஞாபகம் வந்திருக்கும். எனக்குக் கோபம் வந்தது. உங்கள் மேல்தான், சார்.

போனில் பேசுவதற்கு முன்னால் தொண்டை திறக்க வேண்டும் என்று அதே தைலத்தைக் கைக்குட்டை நனைய ஊற்றிக்கொண்டு என் டெலிபோன் பூத்தின் கண்ணாடிக் கூண்டுக்குள் நுழைவீர்கள். நீங்கள் வெளியே வந்த பிறகு உள்ளே போகிறவர்களுக்குக் கண்ணில் நீர் வரும். "ஏனுங்கக்கா, உள்ளார ஆஸ்பத்திரி ஏதாச்சும் வெச்சிருக்கீங்களா?" என்று கேட்டவர்கள் உண்டு. அவர்களுக்குப் பதில் சொன்னது நான். நீங்கள் அதற்குள் தெருமுனைக் கடையில் காபி குடித்துக்கொண்டிருப்பீர்கள்.

இந்த மடலைத் தமிழில் எழுதுகிறேன். கர்நாடகத்துக் கௌதள்ளியில் பிறந்தாலும் மேட்டூரில் சித்தப்பா வீட்டில் தங்கிப் படித்தவள் நான். தமிழ் நன்றாகவே எழுத வரும். உங்களுக்கு அதில் ஓர் எழுத்துகூடத் தெரியாது என்பது எனக்கு வசதி. நீங்கள் இருந்தபோது என்னுடைய இங்கிலீஷில் உங்களைத் திட்டி முடிப்பதற்குள் அடுத்த பேச்சுக்குப் போய்விடுவீர்கள். இப்போது நான் முடிக்கும்வரை நீங்கள் சும்மா இருந்துதான் ஆகவேண்டும்.

தொண்ணூறுகளின் ஆரம்பத்தில், லண்டனிலிருந்து ஒரு டெலிவிஷன் கம்பெனி வெள்ளைக்காரர் காலத்துக் கதை ஒன்றைப் படம் பிடிக்க மைசூருக்கு வந்தது. அதில் உங்களுக்குப் பட்டாளத்து டாக்டர் வேஷம். காலரா நோயாளிகளைப் பார்க்கப் போய், அதே காலரா வந்து கதையின் ஆரம்பத்திலேயே செத்துப்போகிறவர். செத்து முடித்ததும் கம்பெனி உங்கள் கையில் ஊருக்கு டிக்கெட் கொடுத்தது. நீங்கள் போகவில்லை. கூட வந்தவர்கள் எல்லோரும் ரயிலேறிய பிறகு, யாதவகிரியில் எங்கள் எதிர்வீட்டு சரோஜம்மாவின் மாடியறைக்குப் பெட்டியோடு வந்து இறங்கினீர்கள். ஏன் என்று கேட்டதற்கு, "லண்டன்ல மழை. இங்க வெயில். இதுல யோசிக்க என்ன இருக்கு?" என்றீர்கள். நீங்கள் இங்கிலீஷில் சொன்னதையெல்லாம் என் தமிழில்தான் என்னால் நினைக்க முடிகிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு வருஷமும் தசரா முடிந்ததும் வருவீர்கள். யுகாதிக்கு முன் போவீர்கள். ஊருக்குப் போனால் அங்கே எங்கேயாவது பாதிரியாராகவோ பட்லராகவோ ஒரு வேஷம் இருக்கும். அதை முடித்துவிட்டு மறுபடியும் இங்கே வந்து, அடுத்த வேஷத்துக்காக என் பூத்தில் காத்திருப்பீர்கள். அறுபது தாண்டிய மனிதர், முப்பத்தைந்து வயதுக்காரியான என்னைத் தெருவில் எல்லோரும் கூப்பிடுவதைக் கேட்டுவிட்டு "அக்கா" என்று கூப்பிட ஆரம்பித்தீர்கள். என் வீட்டுக்காரர் சிரித்துச் சிரித்துப் புரையேறினார். அவர் ஹெப்பாள் ஃபேக்டரியிலிருந்து கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கும் நேரமும் உங்களுக்கு லண்டன் போன் வரும் நேரமும் ஒன்று. பஸ்ஸிலிருந்து இறங்கும்போதே கேட்பார்:

"ஏம்புள்ள, தொரை இன்னும் கூண்டுக்குள்ளயேதான் நிக்கறாரா?"

"நிக்கறாருங்க. இன்னிக்கு என்னமோ கோவத்துல இருக்காரு."

"அவரு என்னிக்குக் கோவத்துல இல்ல?"

போனில் அந்தப் பக்கம் இருந்தது உங்களுக்கு வேஷம் பிடித்துக் கொடுக்கும் அம்மாள். நாங்கள் அவருக்கு வைத்த பெயர் லண்டன் அம்மா. சிகரெட் பிடித்துக் கரகரத்த குரல். வணக்கம், சுகமா எதுவும் கிடையாது. நான் போனை எடுத்ததும் "இருக்காரா?" என்பார். நான் வாசலுக்கு ஓடி மாடியைப் பார்த்துக் கத்துவேன். நீங்கள் உடனே வரமாட்டீர்கள். சட்டையை மாற்றிக்கொண்டு, தலையை வாரிக்கொண்டு வருவீர்கள். போனில் தலை தெரியுமா சார்? ஒரு நாள் கேட்டேவிட்டேன். "குரல்ல தெரியும், அக்கா" என்றீர்கள்.

கூண்டுக்குள் கதவைச் சாத்திக்கொண்டு நீங்கள் பேசியது வெளியே காத்திருந்தவர்களுக்கெல்லாம் கேட்டது. உங்கள் பிழைப்பின் கதை முழுவதையும் நான் தெரிந்துகொண்டது அப்படித்தான். "இன்னொரு பாதிரியாரா? போன வருஷமும் பாதிரியார்தானே?" "எத்தனை வசனம்? ஒண்ணா? அதுவும் கதவுக்கு வெளியிலேர்ந்தா?" "சாகறதுன்னா படுக்கையிலயா, தரையிலயா? தரைன்னா வேண்டாம், முதுகு பிடிச்சுக்கும்." வரிசையில் நின்ற கன்னடக்காரர்களும் தமிழர்களும் ஒன்றும் புரியாமல் என் முகத்தைப் பார்ப்பார்கள். யாரோ செத்துவிட்டார்கள் போலிருக்கிறது என்று ஒரு பெரியவர் தொப்பியைக் கழற்றிக்கொண்டு நின்றதுகூட உண்டு.

வேலையில்லாத மத்தியானங்களில் என் எதிரே ஸ்டூலில் உட்கார்ந்து மிச்சக் கதையைச் சொல்வீர்கள். இளம் வயதில் ஊர் ஊராகப் போகிற நாடகக் கம்பெனியில் டீத்தட்டு ஏந்தி வருகிற வேஷம். பிறகு டெலிவிஷன் வந்தது. அந்தக் காலத்தில் நாடகத்தை நேரடியாகவே ஒளிபரப்புவார்களாம், தப்பு வந்தால் வந்ததுதான். ஒரு நாடகத்தில் நீங்கள் ஓட்டல் சர்வர். மேஜையில் உட்கார்ந்திருந்த பெரிய நடிகருக்கு வசனம் மறந்துவிட்டது. தேசமே பார்த்துக்கொண்டிருக்கிறது. சூப்பை வைத்துவிட்டுப் போகவேண்டிய நீங்கள் போகாமல் நின்று, இன்றைய சூப்பில் என்ன போட்டிருக்கிறது, சமையல்காரனுக்கும் அவன் மாமியாருக்கும் என்ன சண்டை என்று வாய்க்கு வந்ததைப் பேசிக்கொண்டே இருந்தீர்கள், அவருக்கு வசனம் ஞாபகம் வரும்வரை. மறுநாள் எல்லோரும் உங்களைப் பாராட்டினார்களாம். நம்பகமான ஆள் என்றார்களாம்.

"அந்த ஒரு வார்த்தைதான் என்னை ஒழிச்சுது, அக்கா. அதுக்கப்புறம் எல்லாரும் நம்பினாங்க. யாரும் பெரிய வேஷம் கொடுக்கல."

துப்பறியும் தொடர்கள் எத்தனையோ நடித்திருக்கிறீர்கள். ஒன்றில்கூட நீங்கள் கொலைகாரன் இல்லை. "என்னோடது கொலைகாரன் மூஞ்சி இல்ல. இவன் செஞ்சிருப்பானோன்னு கொஞ்ச நேரம் சந்தேகப்பட வெக்கிற மூஞ்சி" என்றீர்கள். உங்கள் ஊரில் கடைத்தெருவுக்குப் போனால் எல்லோருக்கும் உங்களைத் தெரியும். எங்கே பார்த்தோம் என்றுதான் தெரியாது. எங்கள் வீட்டுக் குழாயைச் சரிசெய்ய வந்தவர்தானே என்பார்களாம். நான் சிரித்தேன். நீங்கள் சிரிக்கவில்லை.

பிறகு எங்கள் தெருவுக்குக் கேபிள் டிவி வந்தது. அதில் ஏதோ ஒரு சேனலில் சாயங்கால வேளையில் பழைய இங்கிலீஷ் தொடர்கள் போட ஆரம்பித்தார்கள். ஒரு நாள் சரோஜம்மா முந்தானையை அள்ளிச் செருகிக்கொண்டு தெருவைத் தாண்டி ஓடிவந்தார்.

"அய்யய்யோ! நிம்ம தொரே டிவில சத்து ஹோத்ரு கணம்மா!"

டிவியில் நீங்கள் செத்துப்போய்விட்டீர்கள் என்று சொல்ல வந்திருக்கிறார். நீங்கள் உயிரோடு என் எதிரே ஸ்டூலில் உட்கார்ந்து வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தீர்கள். செய்தியைக் கேட்டதும் உங்கள் முதல் கேள்வி: "எந்தச் சாவு? மாடிப்படியா, விஷமா?"

மாடிப்படிதான். மறுவாரம் அதே கதையின் அடுத்த பகுதியில் நீங்கள் மறுபடி வருவீர்கள், பழைய நினைவாக ஒரு காட்சி இருக்கிறது, அதுதான் முக்கியம் என்று தெரு முழுக்கச் சொல்லிவைத்தீர்கள். அன்றைக்கு சரோஜம்மாவின் கூடத்தில் உட்கார இடமில்லை. என் வீட்டுக்காரர் அரைநாள் லீவு போட்டுவிட்டு வந்திருந்தார். உங்கள் காட்சி வருவதற்குக் கொஞ்சம் முன்னால் கரண்ட் போயிற்று. ஜனங்கள் எழுந்தார்கள். நீங்கள் விடவில்லை. டிவி முன்னால் நின்று, அந்த வீட்டு எஜமானியாகவும் வேலைக்காரியாகவும் போலீஸ்காரராகவும் உங்களாகவும் மாறி மாறி நடித்துக் காட்டினீர்கள். ஒரு வார்த்தை புரியாவிட்டாலும் எல்லோரும் வாயைப் பிளந்து பார்த்தோம். அது நிஜம், மறுக்கமாட்டேன். ஆனால் நடுவில் கரண்ட் வந்துவிட்டது. டிவி தானாகவே ஓட ஆரம்பித்தது. நீங்கள் அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு, கையை வீசி, அதை மறைத்துக்கொண்டு நின்றீர்கள். "சார், பின்னாடி! பின்னாடி நீங்க!" என்று நான் கத்தினேன். "காட்சி நடக்கும்போது குறுக்கே பேசக்கூடாது" என்று என்னை அதட்டினீர்கள். திரும்பிப் பார்த்தபோது உங்கள் காட்சி முடிந்து சோப்பு விளம்பரம் ஓடிக்கொண்டிருந்தது. அதற்கும் என்னைத்தான் கோபித்துக்கொண்டீர்கள்.

இதையெல்லாம்கூட விட்டுவிடலாம். அந்த நஞ்சன்கூடு நாளை மட்டும் என்னால் விடமுடியாது.

அதற்கு முந்தின நாள் லண்டன் அம்மா கூப்பிட்டிருந்தார். புதுத் தொடர் ஒன்று. ஒரே தெருவில் நடக்கிற கதை, வாராவாரம் வரும், வருஷக்கணக்கில் ஓடும். அதில் காய்கறிக்கடைக் கிழவர் வேஷம். கதையே அவர் கடையைச் சுற்றித்தான். அந்த வேஷத்துக்கு உங்களை நினைத்திருக்கிறார்கள். ஒரே ஒரு விஷயம்: தொடரை எடுக்கிறவர் சின்ன வயதுக்காரர், உங்களைத் தெரியாது. போனிலேயே ஒரு காட்சியைப் படித்துக் காட்டவேண்டும். நாளைக்கே.

நீங்கள் கூண்டுக்குள் போட்ட சத்தத்தில் வரிசையே கலைந்துவிட்டது. "நாப்பது வருஷம் நடிச்சவன் படிச்சுக் காட்டணுமா? அவன் பிறக்கறதுக்கு முன்னாலயே நான் மூணு தடவை செத்தவன்!" போனை வைத்துவிட்டு மாடிக்குப் போனீர்கள். மறுநாள் காலை நான் பால் வாங்க வந்தபோது சரோஜம்மா சொன்னார், தொரே நஞ்சன்கூடு ரயிலைப் பிடிக்கப் போய்விட்டார் என்று.

உங்கள் பிடிவாதத்தை அறிந்த லண்டன் அம்மா, காட்சியை எனக்கு ஃபேக்ஸில் அனுப்பிவிட்டார். கூடவே போனில் சொன்னார்: "இதுதான் கடைசி. இதுக்கு மேல அவருக்காக நான் யார்கிட்டயும் கேக்க முடியாது." அந்தக் கரகரத்த குரலில் முதல்முறையாக ஒரு தளர்ச்சி இருந்தது. இத்தனை வருஷமாக நானும் அவரும் உங்களை இரண்டு பக்கத்திலிருந்தும் தாங்கிக்கொண்டிருப்பதாக எனக்குத் தோன்றியது. மத்தியானம் முழுவதும் தெருவைப் பார்த்தபடியே உட்கார்ந்திருந்தேன்.

நாலு மணிக்கு மேல் வந்தீர்கள். கையில் ஒரு சீப்பு ரசபாளெ வாழைப்பழம். நஞ்சன்கூட்டிலேயே விளைகிறது, சாப்பிட்டுப் பார் என்று நீட்டினீர்கள். மைசூரில் இருக்கிற எனக்கு நஞ்சன்கூடு பழத்தைப் பற்றிச் சொல்கிறீர்கள்!

"பழம் கெடக்கட்டும். போன் வரப்போவுது சார். உள்ளார போங்க" என்றேன். இங்கிலீஷ் பாதி, தமிழ் பாதி.

"நான் படிக்கமாட்டேன்னு சொல்லியாச்சு."

"ஏன்?"

"என்னைத் தெரியாதவனுக்கு நான் ஏன் படிக்கணும்?"

அதற்கு மேல் என்னால் முடியவில்லை. தெருவிலேயே பிடித்துக்கொண்டேன். "இந்தக் கூண்டுக்குள்ள நின்னு நீங்க தெனமும் கத்தறீங்களே, வெளியில நிக்கறாங்களே, அவங்களுக்கெல்லாம் உங்களைத் தெரியுமா? சரோஜம்மா வீட்டுக் கூடத்துல அத்தனை பேருக்கு ஆடிக்காட்டினீங்களே, அவங்களுக்குத் தெரியுமா? தெரியாதவங்களுக்குத்தானே சார் இத்தனை வருஷமா நடிக்கறீங்க? அந்த ஒருத்தரு மட்டும் என்ன பாவம் பண்ணினாரு?"

நீங்கள் பழச் சீப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றீர்கள். நடிக்காமல் நின்ற உங்கள் முகத்தை நான் பார்த்தது அன்றைக்குத்தான். வயதான, பயந்த முகம். "வேண்டாம்னு சொல்லிட்டாங்கன்னா, அக்கா?" என்று கேட்டீர்கள். கோபம் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தது கோபமே இல்லை.

"சொல்லிட்டாப் பழம் சாப்பிடலாம்" என்றேன். வேறு என்ன சொல்வது?

போன் மணி அடித்தது. ஃபேக்ஸ் தாளை உங்கள் கையில் திணித்தேன். சுருண்டுகொண்டே இருந்த தாளை நீங்கள் கூண்டின் கண்ணாடியில் உள்ளங்கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டீர்கள். காட்சியில் கிழவரின் மகள் பேசும் வரிகளை லண்டன் அம்மா அந்தப் பக்கத்திலிருந்து படித்தார் போலிருக்கிறது. வழக்கம்போலத் தெருவுக்கே கேட்கும் என்று நான் காத்திருந்தேன். வரிசையில் நின்றவர்களும் காத்திருந்தார்கள். ஒன்றும் கேட்கவில்லை. உங்கள் உதடு அசைந்தது. தோள் கொஞ்சம் இறங்கியது. நாள் முழுக்கக் கடையில் நின்று அலுத்த மனிதர் ஒருவர் அங்கே நின்றார். ஆனால் சத்தம் வெளியே வரவில்லை. இத்தனை வருஷம் வேண்டாத பேச்சையெல்லாம் கேட்கவைத்தீர்கள். கேட்கவேண்டிய ஒரே நாளில் குரலை இறக்கிக்கொண்டீர்கள். நியாயமா சார் இது?

வேஷம் கிடைத்தது. அந்த வாரமே புறப்பட்டீர்கள். அந்தப் பழத்தில் ஒன்றுகூட நீங்கள் சாப்பிடவில்லை.

பிறகு இரண்டு மூன்று வருஷம் நீங்கள் வரவில்லை. தொடர் விடவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் நீங்களே கூப்பிடுவீர்கள். சந்தோஷமாக இருக்கிறேன் என்று சொல்லத்தான் கூப்பிடுகிறீர்கள் என்று நினைத்தேன். எங்கே? டீயில் தண்ணீர் ஜாஸ்தி. கடையில் வைக்கும் முட்டைக்கோஸ் பிளாஸ்டிக். கதையில் உங்களுக்கு ஒரு நாய் கொடுத்திருக்கிறார்கள், பார்க்கிறவர்கள் நாய்க்குத்தான் அதிகமாகக் கடிதம் எழுதுகிறார்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, இப்போது தெருவில் எல்லோரும் உங்களை அந்தக் காய்கறிக்காரர் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார்கள்.

"இப்பவும் என் பேரு யாருக்கும் தெரியல, அக்கா."

"முந்தி குழாய் ரிப்பேர்னாங்க, இப்ப காய்கறிங்கறாங்க. முன்னேறியிருக்கீங்க இல்ல?" என்றேன். அந்தப் பக்கம் நெடுநேரம் சிரித்தீர்கள்.

கடைசியாகக் கூப்பிட்டபோது, இந்த வருஷம் தசரா முடிந்ததும் ஒரு மாதம் லீவு கேட்டிருக்கிறேன், சரோஜம்மாவிடம் மாடியைக் காலி வைக்கச் சொல் என்றீர்கள். சொன்னேன். அவர் வெள்ளையடித்தே வைத்தார்.

தசரா போயிற்று. ஒரு சாயங்காலம் போன் வந்தது. "இருக்காரா?" என்று கேட்கவேண்டிய குரல் ஒன்றும் கேட்காமல் இருந்தது. பிறகு லண்டன் அம்மா சொன்னார். காலையில் எடுக்கவேண்டிய காட்சியை முழுவதுமாக நடித்து முடித்துவிட்டு, மேக்கப்போடு சாப்பாட்டு நாற்காலியில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லையாம். "கம்பெனிக்கு ஒரு காட்சிகூட வீணாகல. கடைசி வரைக்கும் நம்பகமான ஆள்" என்றார். எனக்குப் போனைத் தூக்கிச் சுவரில் அடிக்கவேண்டும் போலிருந்தது. அவர் அழுதுகொண்டிருந்தார். அதனால் அடிக்கவில்லை.

சில வாரம் கழித்து அவர் மறுபடி கூப்பிட்டார். உங்களுக்காக ஒரு சர்ச்சில் எல்லோரும் கூடுகிறார்களாம். மைசூர் அக்கா பேசவேண்டும், போனை மைக்கில் வைத்துக் கேட்கவைக்கிறோம் என்றார். என் வீட்டுக்காரர் பயந்துவிட்டார். "வேண்டாம் புள்ள, அத்தன பெரிய ஆளுங்க முன்னாடி என்னத்தப் பேசுவ?" நான் இங்கிலீஷில் நாலு வரி எழுதி மனப்பாடம் செய்தேன். அவர் நல்லவர், எங்களோடு அன்பாக இருந்தார் என்கிற மாதிரி.

அன்றைக்குக் கடையின் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டுக் கூண்டுக்குள் போய் நின்றேன். சொந்தமாக ஒரு வார்த்தை பேச நான் அந்தக் கூண்டுக்குள் போனது அதுதான் முதல் தடவை. சரோஜம்மாவும் என் வீட்டுக்காரரும் வெளியே நின்றார்கள். அந்தப் பக்கம் பெரிய இடத்தின் அமைதி கேட்டது. யாரோ இருமினார்கள். வாயைத் திறந்தேன். மனப்பாடம் செய்தது ஒன்றும் வரவில்லை. தமிழ்தான் வந்தது.

"என்ன மனுசனுங்க நீங்க? வர்றேன்னு சொல்லிட்டு வராம இருக்கறது என்ன பழக்கம்? அந்தம்மா மாடிக்குச் சுண்ணாம்பு அடிச்சு வெச்சிருக்குது. யாரு வந்து தங்கறது? நெஞ்சு வலின்னா வலின்னு சொல்ல வேண்டாமா? முட்டைக்கோசு பிளாஸ்டிக்குன்னு சொல்லத் தெரியுதில்ல? எல்லாத்தையும் ஊருக்கே கேக்கறாப்ல கத்திட்டு, இத மட்டும் சத்தமில்லாமப் பண்ணிப்போட்டீங்களே..."

நிறுத்த முடியவில்லை. எவ்வளவு நேரம் பேசினேன் என்று தெரியாது. மூச்சு வாங்க நிறுத்தியபோது, அந்தப் பக்கத்திலிருந்து ஒரு சத்தம் வந்தது. முதலில் லைன் கோளாறு என்று நினைத்தேன். சிரிப்பு. ஒரு மூலையில் யாரோ ஆரம்பித்து, பிறகு வரிசை வரிசையாக, சர்ச் முழுக்கச் சிரித்தது. கேலியாக இல்லை. மூக்கை உறிஞ்சிக்கொண்டே சிரிக்கிற சிரிப்பு. நான் பேசியதில் ஒரு வார்த்தை அவர்களுக்குப் புரிந்திருக்காது. ஆனால் என்ன பேசுகிறேன் என்பது ஒவ்வொருவருக்கும் தெரிந்திருந்தது.

பூத்தை மூடிப் பல வருஷம் ஆகிவிட்டது. அந்த இடத்தில் இப்போது மொபைல் ரீசார்ஜ் கடை. நீங்கள் நடித்த காய்கறிக்கடைத் தொடரில் ஒரு காட்சிகூட இன்றுவரை நான் பார்த்ததில்லை. உங்களால் என்னிடம் மிச்சமிருப்பது அந்தச் சிரிப்பு மட்டும்தான், காதுக்குள் இன்னும் இருக்கிறது. அதைக் கேட்கும்வரைக்கும், இந்த உலகத்தில் உங்களோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தது நான் ஒருத்திதான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன், சார்.